உழவாரம் ஓய்ந்த இடம்

சைவ நால்வரின் செப்புத் திருமேனிகள் வரிசையாக நிற்கும்போது அப்பரை அடையாளம் காண்பது எளிது. சம்பந்தர் குழந்தை. சுந்தரர் மணக்கோலத்தில் இருப்பார். மாணிக்கவாசகர் கையில் சுவடி. அப்பரின் தோளில் மட்டும் ஒரு நீண்ட கழி சாய்ந்திருக்கும். அதன் முனையில் தட்டையான இரும்பு அலகு. அதுதான் உழவாரப்படை. கோயில் பிராகாரத்தில் முளைக்கும் புல்லைச் செதுக்குவதற்கான கருவி. பாட்டுக்காகவே நினைக்கப்பட வேண்டிய ஒருவரைச் சிற்பிகள் ஏன் புல்செதுக்கியோடு நிறுத்தினார்கள் என்று யோசித்துக்கொண்டே போனால், ஏழாம் நூற்றாண்டுக் கோயில் எதனால் கட்டப்பட்டிருந்தது என்ற கேள்வியில் போய் நிற்போம்.

செங்கல், மரம், சுண்ணாம்பு. அன்றைய கோயில்களில் பெரும்பாலானவை இவற்றால் ஆனவை. ஈரத்தைக் குடிப்பவை; விதை விழுந்தால் இடம் கொடுப்பவை. சில மழைக்காலங்கள் ஆள் ஏறிப் பார்க்காமல் விட்டால் கூரையில் புல்லும் சுவரில் அரசங்கன்றும் வந்துவிடும். இந்தத் தொல்லைக்கு அதே காலத்தில் இன்னொருவர் வேறு விடை கண்டார். மண்டகப்பட்டில் மகேந்திரவர்மன் குடைவித்த குகைக்கோயிலின் கல்வெட்டு, செங்கல் இல்லாமல், மரம் இல்லாமல், உலோகம் இல்லாமல், சுண்ணாம்பு இல்லாமல் மும்மூர்த்திகளுக்கும் இந்த இல்லத்தை ஆக்கியதாகப் பெருமைப்படுகிறது. பெருமைக்குக் காரணம் இருக்கிறது. பழுதுபார்க்க ஆள் வேண்டாத வீடு அது. மரபு இந்த அரசனையும் அப்பரையும் ஒரே கதைக்குள் வைத்திருக்கிறது: துன்புறுத்தியவன், பிறகு மனம் மாறிச் சைவனானவன். சமயத்தில் ஒன்றுபட்டிருக்கலாம். கட்டடத்தைக் காப்பது எப்படி என்ற விஷயத்தில் இருவரும் கடைசிவரை எதிர்க்கட்சி என்றே எனக்குத் தோன்றும். அரசன் காலத்தை ஒரே அடியில் வெல்லப் பார்த்தான். அப்பர் தினமும் கொஞ்சம் செதுக்கினார்.

திருப்புகலூரில் அவர் உழவாரம் போன இடமெல்லாம் பொன்னும் நவமணியும் கிடந்ததாகவும், அவற்றையும் பருக்கைக் கற்களோடு சேர்த்து வாரிக் குளத்தில் எறிந்ததாகவும் சேக்கிழார் சொல்கிறார். பற்றின்மைக்கு எடுத்துக்காட்டாகத்தான் இந்தக் கதை எப்போதும் சொல்லப்படுகிறது. முற்றம் பெருக்கிப் பழகியவர்களுக்கு அதில் வேறொன்றும் தெரியும்: துடைப்பம் போகிற வழியில் கிடப்பது எதுவானாலும் அது குப்பை.

பின்னால் சோழர்கள், குறிப்பாகப் பத்தாம் நூற்றாண்டில் செம்பியன் மாதேவி, பல செங்கல் தளிகளைக் கற்றளிகளாக மாற்றினார்கள். அப்படியும் வேலை தீரவில்லை. பிற்காலக் கோபுரங்களின் அடித்தளம் கல்லாக இருந்தாலும் மேல்நிலைகள் செங்கல்லும் சுதையுமாகவே எழுந்தன. பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை குடமுழுக்கு என்ற வழக்கத்தை இந்த இடத்திலிருந்து பார்க்க வேண்டும். பாலாலயம் செய்து, சாரம் கட்டி, செடி பிடுங்கி, வெடிப்பை அடைத்து, சுதையைச் சரிசெய்து, வண்ணம் பூசி, எல்லாம் முடிந்த பிறகுதான் கலசத்தில் நீர். யாகசாலையும் திருமுறையும் சூழ நடக்கும் இந்த விழாவின் வயிற்றுக்குள் இருப்பது ஒரு பராமரிப்பு அட்டவணை. செடி பிடுங்க வேண்டும் என்று கேட்டால் ஊரில் யாரும் பணம் தரமாட்டார்கள். கும்பாபிஷேகம் என்றால் துபாயிலிருந்தும் வரும்.

கைவிடப்பட்ட கட்டடங்களை இயற்கை மீட்டுக்கொள்வது பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் மரத்திலிருந்து தொடங்குகிறார்கள். நான் கையிலிருந்து தொடங்கியதற்குக் காரணம் உண்டு. ஆனாலும் மரத்தின் வேலையைத் தெரிந்துகொள்ளாமல் கையின் வேலை விளங்காது.

ஆல், அரசு, அத்தி, இச்சி எல்லாம் ஒரே பேரினம். ஒரு பழத்துக்குள் கடுகைவிடச் சிறிய விதைகள் ஏராளமாக இருக்கும். மைனா, குயில், குக்குறுவான், பச்சைப்புறா, பழந்தின்னி வௌவால் என்று தின்ன ஒரு பட்டாளம் உண்டு. எச்சம் விழுந்த இடம் விதை விழுந்த இடம். இந்த இனத்தின் பல மரங்கள் காட்டிலேயே தரையில் முளைப்பதைத் தவிர்ப்பவை. தரையில் நிழல் அதிகம், மேயும் வாய்கள் அதிகம். இன்னொரு மரத்தின் கவட்டிலோ பாறை இடுக்கிலோ முளைத்து, அங்கிருந்து வேரைக் கீழே இறக்குவதுதான் அவற்றின் வழி. அப்படிப்பட்ட மரத்துக்குக் கோபுரமும் நீர்த்தொட்டியும் தாலுகா அலுவலகத்து மாடியும் செங்குத்துப் பாறைகள்தான். காட்டில் அரிதாகக் கிடைக்கும் இடத்தை நாம் ஊர் ஊராகக் கட்டி வைத்திருக்கிறோம்.

முதல் மழையில் நான்கு இலை, வேர் நூலளவு. சுண்ணாம்புச் சாந்து ஈரத்தை வைத்திருக்கும், கல்லைவிட இளகியது. அதனால் வேர் செங்கல்லோடு மல்லுக்கட்டாமல் சாந்துக் கோட்டைப் பிடித்துக்கொண்டு நகரும். வேர் கசியவிடும் அமிலம் சுண்ணாம்பைச் சிறிது சிறிதாகக் கரைக்கும். இதுவரை சேதம் பெரிதில்லை. வேர் தரையைத் தொட்டு, நிலத்து நீர் கிடைக்கத் தொடங்கிய பிறகுதான் மரம் உண்மையாகவே மரமாகிறது. ஆண்டுக்கு ஆண்டு வேர் பருக்கும். கற்கள் விலகும். விலகிய இடைவெளியில் மழைநீர் இறங்கும். மரம் செய்கிற நாசத்தைவிட அது திறந்துவிட்ட வழியில் நீர் செய்கிற நாசம் பெரிது.

வெட்டினால் தீருமா என்றால், தீராது. கிளையை வெட்டினால் அடியிலிருந்து துளிர்க்கும். இழுத்தால் சுவரும் சேர்ந்து வரும். தண்டில் துளையிட்டுப் பெருங்காயம் வைத்தால் பட்டுப்போகும் என்று எங்கள் பக்கம் சொல்வார்கள். அதற்கும் முன்பு ஒரு தயக்கம் வந்து நிற்கும். அரசை வெட்டலாமா? தளிராக இருக்கும்போது பாவம் என்று விடுவோம், மரமானதும் பயந்து விடுவோம். கோயிலின் தெற்குச் சுவர் மாடத்தில் தட்சிணாமூர்த்தி கல்லால மரத்தடியில் அமர்ந்திருக்கிறார். சிற்பி அந்த மரத்தையும் இலை இலையாகச் செதுக்கியிருக்கிறான். அதற்கு நேர் மேலே, தளவரிசை இடுக்கில், அதே குடும்பத்து மரமொன்று உயிரோடு முளைத்து நின்றால் இடுப்பில் கயிறு கட்டிக்கொண்டு ஒருவர் இறங்கி அதை அறுக்க வேண்டும்.

இங்கே ஒன்றைக் கவனிக்கலாம். விதை எல்லாக் கட்டடத்திலும் விழுகிறது. இன்று குடும்பம் குடியிருக்கும் வீட்டின் கைப்பிடிச் சுவரிலும் விழுகிறது. கைவிடப்படுவதற்காக எந்த விதையும் காத்திருப்பதில்லை. குடியிருக்கும் வீட்டில் யாரோ ஒருவர் தீபாவளிக்கு முன்போ பொங்கலுக்கு முன்போ மாடிக்கு ஏறி அதைக் கிள்ளிப் போட்டுவிடுகிறார். ஆகவே ஒரு பாழில் நாம் பார்ப்பது மரத்தின் வெற்றியை மட்டுமல்ல. கிள்ளிப் போட்ட கை எப்போது நின்றது, ஏன் நின்றது என்பதையும்தான். கையின் சொந்தக்காரர் யார் என்பதையும் சேர்த்துக்கொள்ளலாம். பெரும்பாலும் அவர் அந்தக் கட்டடத்தின் சொந்தக்காரராக இருப்பதில்லை.

பாழ் என்றதும் தமிழ்நாட்டில் எல்லாரும் தனுஷ்கோடி என்பார்கள். அதை இந்தப் பேச்சில் சேர்க்க எனக்கு மனமில்லை. 1964 டிசம்பர் 22 இரவுப் புயலில் போன ஊர் அது. அங்கே யாருடைய கையும் மெல்ல ஓயவில்லை. ஒரே இரவில் கடல் எடுத்தது. பிறகு உப்பும் மணலும் காற்றும் மிச்சத்தை அரித்தன. மெதுவாக நடக்கும் மீட்பின் கதை வேறு.

அந்தக் கதைக்கு உலகமே அடையாளமாக வைத்திருக்கும் இடம் கம்போடியாவின் தா புரோம். அதன் படங்கள் உலகெங்கும் சுற்றுகின்றன: கூரைமேல் உட்கார்ந்து மதிலின் மறுபக்கம்வரை வேரை இறக்கியிருக்கும் மரங்கள். 1186இல் ஏழாம் ஜெயவர்மன் தன் தாயின் நினைவாக எழுப்பிய பௌத்தக் கோயில் அது. அங்கே கிடைத்த கல்வெட்டு ஒரு கணக்குப் புத்தகம். கோயில் வளாகத்தில் 12,640 பேர் வசித்தார்கள். அதன் தேவைகளுக்காக 3,140 ஊர்கள் ஒதுக்கப்பட்டிருந்தன; அவற்றின் 79,365 மக்கள் கோயிலுக்கு உழைத்தார்கள். நடனப் பெண்கள் மட்டும் 615 பேர். இந்த எண்களை வாசிக்கும்போது எனக்கு அரசனின் பெருமை தோன்றுவதில்லை. சம்பளப் பட்டியல்தான் தோன்றுகிறது. எத்தனை ஆயிரம் கைகள் சேர்ந்து அந்தக் கல்லைக் காட்டிலிருந்து பிரித்து வைத்திருந்தன! அரசு சரிந்து, ஊர்கள் நெல் அனுப்புவதை நிறுத்தியபோது கோயிலின் மரணம் தொடங்கிவிட்டது. வேர் வந்தது பிறகு. பக்கத்திலேயே இருக்கும் அங்கோர் வாட் இப்படி ஆகவில்லை. அங்கே பிக்குகள் தொடர்ந்து இருந்தார்கள், பெருக்கினார்கள்.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அங்கோரைச் சீரமைக்க வந்த பிரெஞ்சுக்காரர்கள் மற்றக் கோயில்களைக் காட்டிலிருந்து விடுவித்து, தா புரோமை மட்டும் கண்டெடுத்த கோலத்திலேயே விடுவது என்று முடிவு செய்தார்கள். விடுவது என்ற சொல்லை நம்பிவிடக் கூடாது. உண்மையாகவே விட்டிருந்தால் இன்று அங்கே நடக்க வழி இருக்காது. புதர் வெட்டப்படுகிறது, சரியும் சுவருக்கு முட்டு கொடுக்கப்படுகிறது, பெரிய மரங்களுக்குத் தாங்கி வைக்கப்படுகிறது. பார்வையாளர் கால் படாமலிருக்க மரப்பலகை நடைபாதை. நம்முடைய தொல்லியல் துறையும் இந்த நூற்றாண்டின் தொடக்கத்திலிருந்து அங்கே வேலை செய்திருக்கிறது. அங்கே அவர்களுக்கு வந்த சங்கடம் விசித்திரமானது: மரம் சுவரை உடைக்கிறது, அதே மரம்தான் உடைந்த சுவரைத் தாங்கியும் நிற்கிறது. மரம் செத்தால் சுவரும் விழும். கோயிலைக் காக்க இப்போது மரத்துக்கும் வைத்தியம் பார்க்க வேண்டும். கைவிடப்பட்டது போன்ற தோற்றத்தைக் காப்பாற்ற எத்தனை பேர் தினமும் வேலைக்குப் போகிறார்கள் என்பதை அந்தப் புகழ்பெற்ற புகைப்படங்கள் எதுவும் காட்டுவதில்லை. இதை நான் குறையாகச் சொல்லவில்லை. பாழும்கூட உழவாரம் இல்லாமல் நிலைக்காது என்பது எனக்கு வியப்பாக இருக்கிறது, அவ்வளவுதான்.

தா புரோமுக்குப் போக முடியாதவர்கள் போர்ட் பிளேருக்கு, 2024 முதல் ஸ்ரீ விஜயபுரம் என்று பெயர் மாறிய ஊருக்கு, போகலாம். அங்கிருந்து படகில் கொஞ்ச நேரம், ராஸ் தீவு. 2018இல் நேதாஜி சுபாஷ் சந்திர போஸ் தீவு என்று பெயர் மாற்றினார்கள். படகுக்காரர்கள் இன்னும் ராஸ் என்றுதான் கூவுகிறார்கள். ஒரு சதுர கிலோமீட்டரைக்கூட எட்டாத துண்டு நிலம். அதன் வரலாறு இந்த விஷயத்தில் நான் அறிந்த எல்லாவற்றையும்விடச் சிக்கலானது, தா புரோமைவிடவும்.

1857 எழுச்சியைத் தொடர்ந்து, 1858 மார்ச்சில், ஜே. பி. வாக்கர் என்ற கண்காணிப்பாளர் 200 கைதிகளோடு அந்தமானில் வந்திறங்கினார். தலைமையிடமாக ராஸ் தீவு தேர்ந்தெடுக்கப்பட்டது. அப்போது தீவு முழுக்கக் காடு. அதை வெட்டியவர்கள் கைதிகள். விலங்கோடு, அந்தமான் மழையில், காய்ச்சலோடு வெட்டினார்கள். தப்பியோடிப் பிடிபட்டவர்களில் 80க்கும் மேற்பட்டோரை வாக்கர் ஒரே நாளில் தூக்கிலிட்டார். அந்த வெட்டவெளியில் பிறகு தலைமை ஆணையர் மாளிகை வந்தது, தேவாலயம் வந்தது, நடன அரங்கு, டென்னிஸ் மைதானம், நீச்சல் குளம், ரொட்டிச் சாலை, அச்சகம், கடைத்தெரு, கடல்நீரைக் காய்ச்சி வடிக்கும் ஆலை என்று ஒரு குட்டி இங்கிலாந்தே வந்தது. எதிர்க்கரையில் சிற்றறைச் சிறை (செல்லுலார் சிறை) எழுந்து 1906இல் முடிந்தது. ஒரு கரையில் செக்கு, மறு கரையில் நடனம். ராஸ் தீவின் புல்தரையை வெட்டி வைத்த கைகள் யாருடையவை என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. அங்கே உழவாரம் தொண்டு இல்லை, தண்டனை.

1941 ஜூன் 26 அன்று பெரிய நிலநடுக்கம். கட்டடங்கள் பிளந்தன. அடுத்த ஆண்டு மார்ச்சில் ஜப்பானியர் வந்தார்கள். பதுங்கு குழிகள் கட்டினார்கள். 1945இல் பிரிட்டிஷார் திரும்பினாலும் பழையபடி ராஸ் தீவில் குடியேறவில்லை. வெட்டுவதற்குக் கைதிகளும் இல்லை. மிச்சத்தைப் பறவைகள் பார்த்துக்கொண்டன. இன்று தேவாலயத்தின் சுவர் எது, அதைப் பிடித்திருக்கும் வேர் எது என்று கண்ணால் பிரிக்க முடியாது. நடன அரங்கின் சன்னல் வளைவுகளில் கண்ணாடிக்குப் பதில் வேர்வலை. பார்க்கிறவர்களுக்கு ஒரு நியாய உணர்வு வருகிறது. ஏகாதிபத்தியம் அழிந்தது, காடு திரும்பியது. எனக்கும் வருகிறது அந்த உணர்வு. ஆனால் கொஞ்சம் நின்று காலடியில் பார்த்தால் அது நிலைக்காது.

காலடியில் புள்ளிமான். கூட்டம் கூட்டமாகத் திரிகின்றன; கையில் இருப்பதைப் பிடுங்கித் தின்னும். அந்தமானில் இயற்கையாக மான் கிடையாது. வேட்டைக்கும் அழகுக்குமாக பிரிட்டிஷார் கொண்டுவந்து விட்டவை. மயிலும் அப்படியே. அங்கே மானைத் தின்னப் புலியோ சிறுத்தையோ இல்லாததால் அவை பெருகி, முளைக்கும் கன்றுகளை மேய்ந்து தீர்க்கின்றன. அந்தமான் தீவுகள் பலவற்றில் காடு புதுப்பித்துக்கொள்ள முடியாமல் தவிப்பதற்கு மான் ஒரு பெரிய காரணம். தரையில் முளைப்பதை மான் தின்றுவிடும். சுவர்மேல் முளைப்பதை எட்டாது. ராஸ் தீவின் வேர்கள் சுவர்களில் இவ்வளவு செழித்திருப்பதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம் என்று நான் ஊகிக்கிறேன். அப்படியானால் திரும்பி வந்தது எது? கைதிகள் வெட்டிய காடு திரும்பவில்லை. ஆணையரின் மான்கள் விட்டுவைத்ததும் ஆணையரின் சுவர்கள் இடம் கொடுத்ததும் சேர்ந்த ஒரு புதுக் காடு அது. அதிகாரிகள் போனார்கள், அவர்கள் வளர்த்த வாய்கள் எது முளைக்கலாம் என்பதை இன்றும் முடிவு செய்துகொண்டிருக்கின்றன.

இது அந்தமானுக்கு மட்டும் உரியதில்லை. ராமநாதபுரத்தில் பூட்டிக் கிடக்கும் வீட்டை எது மூடுகிறது? சீமைக் கருவேலம். மலையோரத் தேயிலைத் தோட்டங்களில் ஆள் போன லயங்களை எது மூடுகிறது? உண்ணிச்செடி. இடிந்த திண்ணையில் முதலில் பூப்பது பெரும்பாலும் வெட்டுக்காயப் பூண்டு. மூன்றும் அமெரிக்கக் கண்டங்களிலிருந்து வந்தவை. நாம் கப்பலில் ஏற்றி வந்தவை, அல்லது நம் பின்னால் ஒட்டிக்கொண்டு வந்தவை. மனிதன் விலகியதும் இயற்கை பழைய நிலைக்குத் திரும்புகிறது என்று நாளிதழ்களின் ஞாயிறு இணைப்புகளில் எழுதுகிறவர்கள் இந்தச் செடிகளின் ஊரை ஒருமுறை விசாரிக்கலாம்.

ராஸ் தீவில் திரும்பாத இன்னொன்று உண்டு. 1858க்கு முன்பு அந்தத் தீவுகளில் ஆளில்லாமல் இல்லை. பெரிய அந்தமானியர் என்று இன்று சுட்டப்படும் மக்கள் அன்று 5,000க்கு மேல் இருந்திருப்பார்கள் என்பது மதிப்பீடு. 1863இல் அவர்களைப் பழக்கப்படுத்துவதற்கென்று ஓர் இல்லம் தொடங்கப்பட்டது. அதுவும் ராஸ் தீவில்தான். காய்ச்சல், தட்டம்மை, மேகநோய் எல்லாம் பரவின. 1901 கணக்கெடுப்பில் 625 பேர். 1961இல் 19 பேர். 2010இல் போவா சீனியர் என்ற மூதாட்டி இறந்தபோது போ என்ற மொழி அவரோடு முடிந்தது. காட்டில் வாழ்ந்து, காட்டுக்கு மொழி வைத்திருந்தவர்கள் ஏறக்குறைய எல்லாரும் போய்விட்டார்கள். மரம் மட்டும் வந்திருக்கிறது. இயற்கை மீட்டுக்கொண்டது என்ற வாக்கியத்தில் இவர்களுக்கு இடமே இல்லை. அந்த வாக்கியம் கட்டடத்துக்கும் மரத்துக்கும் நடந்த இருவர் வழக்காகக் கதையைச் சுருக்கிவிடுகிறது. கட்டடத்துக்கு முன் அங்கே இருந்தவர் யார், கட்டியவர் யார், பெருக்கியவர் யார் என்ற மூவரையும் அது கூண்டில் ஏற்றுவதில்லை.

எதிர்க்கரைச் சிறைக்கு என்ன ஆனது என்பதையும் பார்க்க வேண்டும். அதன் ஏழு கிளைகளில் இன்று மூன்றுதான் நிற்கின்றன. நின்றவற்றில் ஓர் அரசங்கன்றைக் காண முடியாது. 1979 பிப்ரவரியில் அது தேசிய நினைவுச் சின்னம் ஆனது. அதே ஆண்டு ராஸ் தீவு கடற்படையின் பொறுப்பில் வந்தது. ஒரே விரிகுடா, ஒரே மழை, அதே மைனாக்கள். சிறையில் விழுகிற விதை முளைக்கவிடப்படுவதில்லை, நடன அரங்கில் விழுந்தது மரமாகியிருக்கிறது. தேசம் எதை நினைவில் வைக்க விரும்புகிறது, எது பாழாகத் தெரிந்தால் தனக்கு மகிழ்ச்சி என்று தீர்மானித்திருக்கிறது. அந்தத் தீர்மானம் சரி என்றே நான் நினைக்கிறேன். சிறையைப் பெருக்குவதும் நடன அரங்கை வேருக்குக் கொடுப்பதும் சரிதான். ஆனால் அதை இயற்கையின் தீர்ப்பு என்று சொல்லாமல் இருந்தால் போதும். வேர் எங்கே வளரலாம் என்று ஆள்தான் சொல்கிறார்.

பாழின் இந்த அழகு யாருக்கு அழகு என்று கேட்டால் யாழ்ப்பாணத்து வலிகாமம் வடக்குக்குப் போக வேண்டியிருக்கிறது. 1990 ஜூனில் போர் மீண்டும் மூண்டபோது பலாலி, மயிலிட்டி, காங்கேசன்துறை, வறுத்தலைவிளான் என்று அந்தப் பகுதியின் சனம் கையில் கிடைத்ததை எடுத்துக்கொண்டு கிளம்பியது. சில நாளில் திரும்பலாம் என்றுதான் கிளம்பியது. விமானத்தளத்தையும் துறைமுகத்தையும் சுற்றியிருந்த நிலம் உயர் பாதுகாப்பு வலயமானது. 2009இல் போர் முடிந்த பிறகும் காணிகள் துண்டு துண்டாகவே விடுவிக்கப்பட்டன. சில துண்டுகளுக்குக் கால் நூற்றாண்டு தாண்டியது. இன்னும் எல்லாம் திரும்பவில்லை.

யாழ்ப்பாணத்துச் செம்மண் சும்மா கிடக்காது. புகையிலையும் வெங்காயமும் வாழையும் விளைந்த மண், இறைக்க ஆளில்லாவிட்டாலும் மாரி மழைக்கு எதையாவது எழுப்பும். ஓடும் வளையும் கழற்றப்பட்ட வீடுகளுக்குள் வேம்பும் ஆலும் இப்பிலிப்பிலும் எழுந்தன. சாமியறையில் ஒன்று, குசினியில் ஒன்று. விடுவிப்பு நாட்களில் வந்த படங்களை நானும் பார்த்திருக்கிறேன். தொழில் தெரிந்த கண் எடுத்த படங்கள். சுவரில்லாத வாசலும் அதற்குப் பின்னால் இலைவழி வரும் வெயிலும் தா புரோமுக்குக் குறைந்தவை அல்ல. ஆனால் அந்த வாசலைத் தேடி வந்த அம்மாவுக்கு அந்த வெயிலால் ஆவதொன்றில்லை. அவருக்குத் தன் வளவு எது என்றே தெரியவில்லை. கிணற்றை வைத்து வீட்டைக் கண்டுபிடித்தவர்கள் உண்டு. சுண்ணாம்புப் பாறையில் வெட்டிய கிணறு புல்டோசருக்கும் சுலபமாகப் போவதில்லை.

பாழின் அழகைப் பற்றி எழுதும் எவரும் தன் சொந்த வீட்டின் பாழைப் பற்றி அப்படி எழுதி நான் வாசித்ததில்லை. கவிஞர்களும் விதிவிலக்கில்லை. தொலைவு வேண்டியிருக்கிறது: காலத்தில் எண்ணூறு ஆண்டு, அல்லது நமக்கு வேண்டாத ஆட்சியின் நடன அரங்கு. உறுதிப் பத்திரத்தைப் பெட்டியில் வைத்துக்கொண்டு கால் நூற்றாண்டு முகாமிலும் உறவினர் வீட்டிலும் இருந்தவர்களுக்கு வேர் என்பது வேலை. கத்தி, கோடரி, கூலியாள், அதற்குப் பணம். வெட்டுவதற்கு முன் கண்ணிவெடி அகற்றுவோர் வந்து போயிருக்க வேண்டும். அவர்களுக்கும் முதல் வேலை செடி வெட்டுவதுதான். அடி அடியாக, மண்டியிட்டு, பற்றையை நறுக்கி அகற்றிய பிறகே மண்ணைச் சோதிக்க முடியும். அப்பரின் கருவியை எடுத்த மிக ஆபத்தான கைகள் அவர்களுடையவை. காணி துப்புரவாக்க அரசு ஒரு சிறு தொகை கொடுத்தது. மீள்குடியேற்றக் கணக்குகளில் அப்படி ஒரு தலைப்பே உண்டு.

துப்புரவு நடக்கும்போது ஒன்று தெரியவரும். யாழ்ப்பாணத்து வேலி செத்த வேலி இல்லை. கிளுவையும் பூவரசும் முள்முருக்கும் கதியாலாக நட்டு, அவை துளிர்த்து வேர்விட, நடுவே ஓலை கட்டி அடைப்பார்கள். ஆண்டுதோறும் கதியாலின் தலையை வெட்டி, குழையைத் தோட்டத்துக்குப் பசளையாகப் போடுவார்கள். வெட்டக் கையில்லாமல் போனால் கதியால் மரமாகும். மரமானாலும் நட்ட வரிசை மாறாது. ஓலை உக்கிப் போயிருக்கும், படலை போயிருக்கும், மதிலும் வீடும் போயிருக்கும். புல்டோசர் புகாத இடங்களில் பற்றைக்குள் நேர்கோட்டில் நிற்கும் பூவரசுகள் எல்லை இதுதான் என்று காட்டும். எந்தச் செடிகள் எல்லாவற்றையும் மூடினவோ அவற்றின் நடுவிலேயே நில அளவைக்காரனுக்கு ஒரு கோடு கிடைக்கும்.

ஆனால் கதியால் பருத்து அரை முழ மரமாகிவிட்டால் எல்லை அதன் இந்தப் பக்கமா, அந்தப் பக்கமா, நடுவிலா? யாழ்ப்பாணத்து நீதிமன்றங்கள் வேலி வழக்குக்குப் பழகியவை. தலைமுறை தலைமுறையாக நடந்தவை உண்டு. திரும்பி வந்த ஊரில் அயல்வீட்டுக்காரர் இருவர் ஒரு பூவரசைச் சுற்றி நின்று குரல் உயர்த்தத் தொடங்கினால் அங்கே மறுபடியும் ஆள் இருக்கிறது என்று அர்த்தம். அடுத்த மாரிக்குள் அதன் தலையை யாராவது வெட்டிவிடுவார்கள், குழை யாருக்கு என்று இன்னொரு வழக்கும் வரும்.